ஆன்-லோரின் உம்மா

1

மகளுக்குப் பதினாறு வயது முடிந்து எட்டு நாள் ஆகியிருந்தது. அன்று புதன்கிழமை. நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தின் சலவை அறையில் படுக்கை விரிப்புகளை மடித்துக்கொண்டிருந்தேன். பிற்பகல் மூன்று மணி இருக்கும், ஃபோன் அடித்தது. தெரியாத நம்பர்.

"ஆன்-லோரின் அம்மாதானே?" என்று ஒரு பெண் பிரெஞ்சில் கேட்டாள்.

"இல்லை, பிழையான நம்பர்" என்று சொல்லி வைத்துவிட்டேன்.

இலங்கையின் சாய்ந்தமருதுவை விட்டுப் பிரான்சின் இந்த ஊருக்கு வந்து பத்தொன்பது வருடங்களாகின்றன. இன்னும் ஃபோனில் பிரெஞ்சு கதைப்பதென்றால் எனக்குப் பயம்தான். நேரில் என்றால் முகத்தையும் கையையும் பார்த்து மீதியை ஊகித்துக்கொள்ளலாம். ஃபோனில் அதற்கு வழியில்லை. அதனால் பிழையான நம்பர் என்ற அந்த ஒரு வசனத்தை மட்டும் தடுமாறாமல் சொல்லப் பழகி வைத்திருக்கிறேன்.

இரண்டு நிமிடத்தில் அதே நம்பர் திரும்பவும் அடித்தது. இந்த முறை அவள் வேகமாகக் கதைத்தாள். "வைத்துவிடாதீர்கள் மேடம், ஆன்-லோருக்கு..."

"அப்படி இங்கே யாரும் இல்லை" என்றேன். வேலை நேரத்தில் ஃபோன் கதைத்தால் மேற்பார்வையாளருக்குப் பிடிக்காது. சத்தத்தை நிறுத்தி மேலங்கிப் பைக்குள் போட்டுவிட்டு விரிப்புகளை மடித்து முடித்தேன்.

தேநீர் நேரத்தில் எடுத்துப் பார்த்தபோது குரல் செய்தி ஒன்று வந்திருந்தது. முதல் தடவை கேட்டபோது நாய், தலை, அம்புலன்ஸ் என்ற மூன்று சொற்களும் எங்கள் ஊர் ஆஸ்பத்திரியின் பெயரும்தான் விளங்கின. இரண்டாம் தடவை கேட்டபோது ஒரு பிள்ளையை நாய் கடித்திருக்கிறது, விழுந்து தலை அடிபட்டிருக்கிறது, நினைவு சரியாக இல்லை என்று விளங்கியது. ஐயோ, யாருடைய பிள்ளையோ என்று நினைத்தேன். மூன்றாம் தடவைதான் கடைசி வசனங்கள் காதில் விழுந்தன.

"படிவத்தில் இந்த நம்பர்தான் இருக்கிறது. அவள் ஒரே சொல்லைத் திரும்பத் திரும்பச் சொல்கிறாள். ஊமா, ஊமா என்கிறாள். அது என்னவென்று எங்களுக்குத் தெரியவில்லை."

புதன்கிழமைப் பிற்பகல்களில் இங்கே பள்ளிக்கூடம் இல்லை. என் மகள் சஹ்லா வாசிகசாலைக்குப் போயிருப்பதாகத்தான் நான் நம்பிக்கொண்டிருந்தேன். அவளுடைய நம்பருக்கு அடித்தேன். எடுக்கவில்லை. மேலங்கியைக் கழற்றாமலே ஓடினேன்.

2

ட்ராமில் இருபது நிமிடம். கணவர் ரபீக்குக்கு அடித்துக்கொண்டே இருந்தேன். அவருக்கு உணவகம் ஒன்றில் சமையல் வேலை. வேலை நேரத்தில் ஃபோன் அலுமாரிக்குள் இருக்கும்.

ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவில் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பெண் மகளின் பெயரைக் கேட்டாள்.

"பாத்திமா சஹ்லா." குடும்பப் பெயரையும் சொன்னேன்.

தட்டிப் பார்த்தாள். "இல்லை மேடம். அந்தப் பெயரில் யாரும் வரவில்லை."

"பதினாறு வயது. நாய் கடித்தது. தலை..."

"வேறு பெயர் ஏதும் உண்டா?"

எனக்குத் தெரியும். ட்ராமில் வரும்போதே தெரிந்திருந்தது. ஆனால் அந்தப் பெயரை என் பிள்ளையின் பெயராக வாயால் சொல்ல வரவில்லை. எனக்குப் பின்னால் நின்ற கிழவர் ஒருவர் இருமினார். சொன்னேன்.

"ஆன்-லோர்."

"குடும்பப் பெயர்?"

"தெரியாது."

அந்தப் பெண் விசைப்பலகையிலிருந்து கையை எடுத்தாள். "உங்கள் மகளின் குடும்பப் பெயர் உங்களுக்குத் தெரியாதா?"

அதற்கு மேல் என் பிரெஞ்சு நகரவில்லை. ஃபோனில் இருந்த குரல் செய்தியை ஓடவிட்டு அவள் காதுக்கு நேரே நீட்டினேன். பெருநாளுக்கு எடுத்த படத்தையும் காட்டினேன். என் முக்காட்டையும், படத்தில் இருந்த முக்காடு போடாத பிள்ளையையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு திரையில் தேடி, யாருக்கோ ஃபோன் செய்து, "குடும்பப் பெயர் மார்த்தன், ஆன்-லோர். அம்மா என்று ஒருவர் வந்திருக்கிறார்" என்றாள். அந்த 'ஒருவர்' இன்னும் என் காதில் இருக்கிறது.

உள்ளே சஹ்லா கண்ணை மூடிப் படுத்திருந்தாள். பின்தலையில் கட்டு, இடது கையில் முழங்கை வரைக்கும் கட்டு. தாதி ஒருத்தி அவளுடைய வலது கையில் ஊசிக்குழாயைப் பொருத்திவிட்டு, சிறிய மருந்துப் போத்தல் ஒன்றைக் கம்பியில் மாட்டிக்கொண்டிருந்தாள்.

"அது என்ன மருந்து?"

"கடித்த காயத்துக்கு. அன்டிபயடிக்."

"பெனிசிலினா?"

அந்த மருந்துக் குடும்பம்தான் என்றாள். நான் அவள் கையைப் பிடித்துவிட்டேன். இங்கே ஒரு தாதியின் கையை அப்படிப் பிடிக்கக் கூடாது. "வேண்டாம். ஐந்து வயதில் இதே ஆஸ்பத்திரியில் கொடுத்தார்கள். தொண்டை வீங்கி மூச்சு நின்றது. எழுதி வைத்திருக்கிறார்கள்."

"இவளுடைய கோப்பில் அப்படி எதுவும் இல்லையே மேடம்."

"இவளுடைய கோப்பு வேறு பெயரில் இருக்கிறது."

தாதி என்னைப் பார்த்தாள். கையிலிருந்த போத்தலை மேசையில் வைத்துவிட்டு, நான் சொன்ன பெயரையும் பிறந்த திகதியையும் கணினியில் அடித்தாள். சிவப்பு எழுத்தில் வந்த ஒரு வரியை நானும் பார்த்தேன். அவள் போத்தலை எடுத்துக்கொண்டு வெளியே போய் வைத்தியரோடு திரும்பி வந்தாள்.

"ஏன் இரண்டு பெயர்?" என்று வைத்தியர் கேட்டார். தெரியாது என்றேன். அன்றைக்கு இரண்டாம் முறையாக.

சஹ்லா கண்ணைத் திறந்தபோது மணி ஐந்து தாண்டியிருந்தது. "உம்மா, கோவமா?" என்றாள்.

"கதைக்காமப் படு" என்றேன். முகத்தைக் கழுவப் போனவள் குழாயடியில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். மூன்று மணிக்கே அந்தப் பெண்ணுக்கு ஓம் என்று சொல்லியிருக்கலாம்.

3

ஊரில் இருப்பவர்களுக்குப் பெயர் விசயத்தை விளக்கத் தேவையில்லை. எங்கள் வகுப்பில் நாற்பது பேர் இருந்தோம். வரவு இடாப்பில் முக்கால்வாசிப் பேர் பாத்திமாதான். பாத்திமா ரிஸ்னா, பாத்திமா நுஸ்ரத், பாத்திமா சிஃபானா. அது பரக்கத்துக்காக, அருள் கிடைக்கவென்று, பெயருக்கு முன்னால் வைப்பது. டீச்சர் இடாப்புக் கூப்பிடும்போது பின்னால் வருவதை மட்டும்தான் சொல்வார். பாத்திமா என்று மட்டும் கூப்பிட்டால் வகுப்பே எழும்பி நிற்கும். என்னை ஒருவரும் பாத்திமா என்று கூப்பிட்டதில்லை, ரிஸ்னாதான். முதன்முதலில் அப்படிக் கூப்பிட்டது இங்குள்ள விசா அதிகாரிதான். யாரையோ கூப்பிடுகிறார் என்று கதிரையிலேயே இருந்துவிட்டேன்.

சஹ்லாவுக்குப் பெயர் பார்த்தது என் மூத்த காக்கா, கூடப்பிறந்த அண்ணன். கல்முனை பஸாரில் புடவைக் கடை வைத்திருக்கிறார். ஃபோனில் மூன்று பெயர் சொன்னார், இதை எடுத்தோம். பிறப்பைப் பதிய வந்த அலுவலர் எழுதிக்கொண்டு நிமிர்ந்து, "நடுவில் கோடு போடவா?" என்று கேட்டார். எனக்கும் விளங்கவில்லை, ரபீக்குக்கும் விளங்கவில்லை. கோடு போடுவது என்றால் வெட்டுவது என்று நினைத்தோம். வேண்டாம், வேண்டாம் என்று இரண்டு பேரும் அவசரமாகச் சொன்னோம்.

கோடு போட்டால் இரண்டும் சேர்ந்து ஒரு பெயர். போடாவிட்டால் முதலாவதுதான் பெயர், இரண்டாவது கடதாசியில் மட்டும் கிடக்கும். மகள் பாலர் பாடசாலைக்குப் போன முதல் நாள்தான் அது எங்களுக்குத் தெரியவந்தது. "நான் சஹ்லா எண்டு சொன்னன் உம்மா, டீச்சர் இல்ல எண்டு சொல்றா" என்று அழுதுகொண்டு வந்தாள். வகுப்பில் ஏற்கனவே இரண்டு பாத்திமாக்கள் இருந்தார்கள், ஒருத்தி அல்ஜீரியா, மற்றவள் மாலி. எங்கள் பிள்ளை மூன்றாவது.

திருத்த முடியுமா என்று நகரசபைக்கு ஒருமுறை போனேன். இன்ன இன்ன கடதாசி வேண்டும் என்று ஒரு பட்டியல் தந்தார்கள். அதில் பாதிக்கு மேல் விளங்கவில்லை. மடித்து வைத்ததுதான், பிறகு எடுக்கவில்லை. அதை நான் ஒழுங்காகச் செய்திருக்க வேண்டும்.

4

மறுநாள் பிற்பகல் வீட்டுக்கு விட்டார்கள். ரபீக் லீவு எடுத்திருந்தார். மகளைச் சாய்மனைக் கதிரையில் இருத்திவிட்டு, எதிரே மேசையில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். கத்துகிற மனுசன் இல்லை. கத்தியிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

"எவ்வளவு நாளா அங்க போற?"

"நாலு மாசம் வாப்பா."

ஊருக்கு வெளியே, கைவிடப்பட்ட நாய்களை வைத்துப் பார்க்கும் ஒரு காப்பகம். புதன்கிழமைகளில் கூடு கழுவவும் சாப்பாடு வைக்கவும் பிள்ளைகளைச் சேர்ப்பார்களாம். மிருக வைத்தியம் படிக்க ஆசை என்று இரண்டு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தவள்தான். மாடு, ஆடு என்று நாங்கள் நினைத்துக்கொண்டோம். நாயைத் தொடுவது எங்களுக்கு அசுத்தம்.

"நாயெண்டா நாங்க விட மாட்டம் எண்டு பொய் சொன்ன. சரி. பேர ஏன் மாத்தின?"

அவள் ஃபோனைத் திறந்து மேசையில் வைத்தாள். இரண்டு கடிதங்கள். இரண்டும் அச்சொட்டாக ஒன்றுதான். முதலாவதின் கீழே பாத்திமா என்று அவளுடைய பெயர், எங்கள் குடும்பப் பெயர். மூன்று வாரம் பதில் இல்லை. இரண்டாவதின் கீழே ஆன்-லோர் மார்த்தன். மறுநாள் காலையிலேயே பதில் வந்திருந்தது. எப்போது வரலாம் என்று கேட்டிருந்தார்கள். பெற்றோரின் கையெழுத்தையும் அவளே போட்டிருக்கிறாள். ஆபத்து அவசரத்துக்கு என்ற இடத்தில் மட்டும் என்னுடைய சரியான நம்பரை எழுதியிருந்தாள்.

"அதென்ன ஆன்-லோர்?" என்று நான் கேட்டேன். "ஆருட பேரு?"

"வாசிகசாலையில இரிக்கிற மிஸ்ஸிட பேரு. அவங்ககிட்ட ஆரும் எந்த ஊரு எண்டு கேக்கிறல்ல. எப்பிடி எழுதுற எண்டும் கேக்கிறல்ல." கொஞ்சம் நிறுத்தி, "அதுக்கு நடுவுல கோடு இரிக்கி உம்மா. ஆரும் அத ரெண்டாப் பிரிச்சு ஒண்ட எறியிறல்ல" என்றாள்.

ரபீக் அந்தப் பேச்சைக் கேட்டாரோ தெரியாது. அவர் இன்னும் அந்த இரண்டாவது கடிதத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"மார்த்தன் ஆரு?"

"ஆரும் இல்ல வாப்பா. கனபேருக்கு இரிக்கிற பேரு."

"அப்ப நான் ஆரு?"

இங்கே எங்கள் குடும்பப் பெயராக இருப்பது அவருடைய வாப்பாவின் பெயர். மருதமுனையில் தறி நெய்து அவரைப் படிக்க வைத்த மனுசன். சஹ்லா தலையைக் குனிந்துகொண்டாள். கட்டுப் போட்ட தலை, குனிந்ததும் வலித்திருக்க வேண்டும், முகம் சுருங்கியது. ரபீக் எழும்பிப் போய்த் தலையணை எடுத்து வந்து அவள் கழுத்துக்குப் பின்னால் வைத்தார். வைத்துவிட்டு வெளியே போய்விட்டார்.

அதோடு முடியவில்லை. அவளுடைய பையில் ஒரு விண்ணப்பத் தாள் இருந்தது. இங்கே பிறந்த பிள்ளை பதினாறு வயதானால் பெற்றோர் இல்லாமலே போய்ப் பிரஜாவுரிமை கேட்டு எழுதிக் கொடுக்கலாம். அதோடு, பெயரைப் பிரெஞ்சுப் பெயராக மாற்ற விருப்பமா என்றும் கேட்பார்கள். அந்தக் கட்டத்துக்குள் பென்சிலால் ஆன்-லோர் என்று எழுதியிருந்தாள்.

"பேனையால எழுதல்லயே உம்மா" என்றாள், நான் கேட்பதற்கு முன்னமே.

5

இல்லத்தில் என் பொறுப்பில் உள்ள அறைகளின் கதவுகளில் மரி-லூயிஸ், மரி-மட்லேன், மரி-ஜான் என்றுதான் பெயர்ப் பலகைகள் இருக்கின்றன. இத்தனை வருடம் துடைத்திருக்கிறேன், யோசித்ததில்லை. அந்த வாரம் மரி-தெரேஸ் என்ற தொண்ணூற்றொரு வயதுப் பெண்மணியின் கட்டிலைச் சரிசெய்யும்போது, ஆன்-லோர் எப்படிப்பட்ட பெயர் என்று கேட்டேன்.

"யாருக்கு?"

"எனக்குத் தெரிந்த ஒரு பிள்ளைக்கு."

"நல்ல குடும்பமா?" என்று சிரித்தார். அது டாக்டர், பத்திரம் எழுதும் நொத்தாரிசு வீடுகளில் நாற்பது வருடத்துக்கு முன்னால் வைத்த பெயராம். பியானோ உள்ள வீட்டுப் பெயர் என்றார். இப்போது யாரும் வைப்பதில்லையாம். லோர் என்பது ஒரு மரம். அதன் இலையைச் சுற்றித்தான் அந்தக் காலத்தில் வென்றவர்கள் தலையில் வைப்பார்களாம். நாங்கள் இறைச்சிக்குப் போடும் இலை. "ஆன் என்றால் மரியின் அம்மா. மாதாவின் தாய்."

எங்களுக்கு அது மர்யம் அலைஹிஸ்ஸலாம் அவர்களின் உம்மா. ஹன்னா.

"உங்களுக்கு ஏன் மரி?" என்று கேட்டேன்.

"எங்கள் காலத்தில் எல்லாப் பெண்ணுக்கும் முன்னால் மரி வைப்பார்கள். காவலுக்கு. வீட்டில் என்னைத் தெரேஸ் என்றுதான் கூப்பிட்டார்கள்."

தலையணை உறையைப் பாதி போட்டபடி நின்றுவிட்டேன். என் பெயரும் அப்படித்தான் என்று அவருக்குச் சொல்லத் தோன்றியது. சொல்லப் பிரெஞ்சு போதவில்லை.

வீட்டுக்கு வந்து ரபீக்கிடம் சொன்னேன். அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டார். "பேருக்குள்ள ஹன்னா இரிந்தா என்ன ரிஸ்னா, பொய் பொய்தானே" என்றார். எனக்கும் அது சரியாகத்தான் பட்டது.

காக்காவுக்கு யார் சொன்னார்களோ தெரியாது. வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து அடித்தார்.

"புள்ள கிறிஸ்டியன் பேரு வச்சிட்டாளாம், நாயோட இரிக்காளாம். கடைக்கு வாற சனமெல்லாம் என்னத்தானே கேக்குது."

"நாய் கடிச்சுத் தலை அடிபட்டுக் கிடந்தவ காக்கா. அத ஆரும் கேக்கல்லயா?"

"அதுக்குத் துஆ கேட்டுத்தான் இரிக்கன். பேருக்கு என்ன சொல்ற? பேர மாத்திற எண்டா அவள ஊருக்குக் கூட்டிட்டு வராத. நான் பார்த்து வச்ச பேரு அது."

எனக்கு எங்கிருந்து அந்த வார்த்தை வந்ததென்று தெரியாது. காக்காவை நான் எதிர்த்துக் கதைத்ததே இல்லை. "சண்ட நேரம் கொழும்புக்குப் போற பஸ்ஸில, செக்பொயின்ட் வாறதுக்கு முன்னால தொப்பியக் கழட்டி சேப்புக்குள்ள வச்சீங்களே காக்கா. நான் பக்கத்து சீட்டுல இரிந்தன்."

கல்முனைப் பக்கம் மோட்டார் சைக்கிள் ஒன்று போகும் சத்தம் ஃபோனில் கேட்டது.

"அது உசிருப் பயம், ரிஸ்னா" என்றார் கடைசியில், குரல் இறங்கி. "இவளுக்கு என்ன பயம்?"

இரண்டு பேரும் ஸலாம் சொல்லி வைத்தோம்.

6

தையல் வெட்டிய அடுத்த புதன்கிழமை, காப்பகத்துக்குப் போக வேண்டும் என்றாள் சஹ்லா. கடித்த நாயைக் கொன்றிருப்பார்களோ என்ற பயம் அவளுக்கு. கடித்த நாயை இங்கே இரண்டு வாரம் தனியே வைத்துப் பார்ப்பார்கள். அதற்குப் பிறகு என்ன செய்வார்கள் என்று அவளுக்குத் தெரியவில்லை.

"நான் ஓம் எண்டும் சொல்லல்ல, இல்ல எண்டும் சொல்லல்ல" என்றார் ரபீக். "போற எண்டா அவட சொந்தப் பேரோட போகட்டும்."

நானும் கூடப் போனேன். காப்பகத்தின் பொறுப்பாளர் அறுபது வயது மதிக்கத்தக்க பெண். வாயைத் திறந்ததும் தெரிந்துகொண்டேன், ஃபோனில் கேட்ட குரல். அவரும் என் குரலை அடையாளம் கண்டிருப்பார். இரண்டு முறை வைத்துவிட்டதற்கு மன்னிப்புக் கேட்டேன். பரவாயில்லை என்றார், ஆனால் என் முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை.

சஹ்லா நின்றுகொண்டே சொன்னாள். "என் பெயர் பாத்திமா சஹ்லா. நான் பொய் எழுதினேன். கையெழுத்தும் என்னுடையதுதான்."

"ஏன் அப்படிச் செய்தாய்? உண்மையான பெயரை எழுதியிருந்தாலும் எடுத்திருப்போமே."

சஹ்லா ஃபோனில் முதலாவது கடிதத்தை எடுத்து நீட்டினாள். அந்தப் பெண் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தார். திகதியைப் பார்த்தார். மேலிருந்து கீழ் வரைக்கும் இன்னொரு முறை படித்தார். கழுத்திலிருந்து மேலே சிவந்துகொண்டு வந்தது.

"எங்களுக்கு நிறையக் கடிதம் வரும்" என்றார்.

சஹ்லா ஃபோனைத் திருப்பி வாங்கிக்கொண்டாள். வெளியே நாய்கள் ஒன்று மாற்றி ஒன்று குரைத்துக்கொண்டிருந்தன. அவர் மேசை லாச்சியைத் திறந்து புதுப் படிவம் ஒன்றை எடுத்து எனக்கு முன்னால் வைத்தார். நான் ஒவ்வொரு எழுத்தாக எழுதினேன். பெயர் என்ற இடத்தில் மகளைப் பார்த்தேன். "கடதாசியில இரிக்கிறத எழுதுங்க உம்மா" என்றாள். குடும்பப் பெயரில் ரபீக்கின் வாப்பாவின் பெயரை எழுதினேன். கையெழுத்துப் போட்டேன்.

அந்த மற்றத் தாள், பிரஜாவுரிமை விண்ணப்பம், இன்னும் வீட்டில் அவளுடைய மேசையில்தான் இருக்கிறது. பென்சிலை அழிக்கவுமில்லை, மேலே பேனையால் எழுதவுமில்லை. "பதினெட்டு வரைக்கும் இரிக்கட்டும்" என்று ஒருநாள் அவளாகச் சொன்னாள். எங்களைக் கேட்க வேண்டிய தேவை இப்போதே அவளுக்கு இல்லை. நான் அறை கூட்டும்போது தாளை அசைக்காமல் கூட்டுகிறேன்.

நாய் சாகவில்லை. அன்று நாங்கள் பார்த்தபோது கடைசிக் கூட்டில், மண்ணிறத்தில், ஒரு காது கிழிந்து நின்றது. இவ்வளவு சின்னதா என்று எனக்கு ஆச்சரியம். சஹ்லா கூட்டுக்கு முன்னால் குந்தினாள். நான் நாலைந்து அடி தள்ளி, பாவாடையை ஒதுக்கிக்கொண்டு நின்றேன். நாய் தலையைத் தாழ்த்தி மெல்ல வந்தது. அவள் வலது கையைக் கம்பிக்குக் கிட்டக் கொண்டுபோனாள்.

படிவம் எழுதிய கந்தோர் வாசலில் நின்ற பொறுப்பாளர் பதறிப்போய்க் கத்தினார். "ஆன்-லோர், கையை எடு!"

சஹ்லா கையை எடுக்கவில்லை, திரும்பிப் பார்க்கவுமில்லை. அந்தப் பெயருக்குத் திரும்பியது நான்.